கீப்பர் நகர்ந்த அந்த ஓர் அடி

நியர் போஸ்ட்டில் கோல் விழுந்துவிட்டால் போதும், ரீப்ளே ஓடி முடிவதற்குள் தீர்ப்பு வந்துவிடுகிறது: ‘அந்தப் பக்கத்தை கீப்பர் விடவே கூடாது.’ இந்த சீசனிலும் இதைக் கேட்டுக் கேட்டுக் காது புளித்துவிட்டது. இந்தத் தீர்ப்பு தவறு என்பது என் உறுதியான கருத்து. அதற்கு மிகக் கொடுமையாகப் பலியான ஒரு கீப்பரை வைத்தே வாதாடுகிறேன். பிரேசில், 1950 ஜூலை 16, மரக்கானா.

பின்னணி உங்களுக்குத் தெரிந்ததுதான். பெயருக்குத்தான் உலகக் கோப்பை இறுதிப் போட்டி. உண்மையில் நான்கு அணிகள் மோதிய கடைசிச் சுற்றின் கடைசி ஆட்டம். சொந்த மண்ணில் ஆடிய வெள்ளைச் சட்டைக்காரர்களுக்கு டிரா போதும். புத்தம் புது மைதானத்தில் இரண்டு லட்சத்தை நெருங்கிய கூட்டம். ஆட்டம் தொடங்கும் முன்பே ரியோ மேயர் ஒலிபெருக்கியில் அவர்களை வெற்றியாளர்கள் என்று வாழ்த்திவிட்டார்.

நான் பார்க்கச் சொல்வது 66ஆம் நிமிடத்தை. விருந்தாளிகளின் வலது விங்கர் தன்னைக் காவல் காத்தவரைத் தாண்டி ஓடுகிறார். பாக்ஸின் ஓரத்துக்கு வந்ததும் பந்தை உள்ளே தள்ளுகிறார். ஓடி வந்த இன்சைடு ஃபார்வர்டு அதை வலைக்குள் அடிக்கிறார். கீப்பர் நியர் போஸ்ட்டைக் காத்துத்தான் நின்றார். பாடப் புத்தகம் சொன்னபடி நின்றும் கோல் விழுந்தது.

சரியாக 13 நிமிடம் கழித்து, 79இல், அதே விங்கர், அதே பாதை. காவலர் மறுபடி பின்தங்குகிறார். ஆட்டத்தின் நடுவே மாற்று வீரரை இறக்க அன்றைய விதியில் இடமில்லை. உள்ளே அதே கூட்டாளி பந்துக்காக ஓடி வருகிறார். இப்போது நீங்கள் கீப்பர் என்று வைத்துக்கொள்ளுங்கள். யோசிக்கக் கிடைப்பது ஒரு நொடிகூட இல்லை. கம்பத்தை ஒட்டியே நிற்பீர்களா, கிராஸை எதிர்பார்த்து உள்பக்கம் ஓர் அடி வைப்பீர்களா?

அவர் அடி வைத்தார். விங்கர் கிராஸ் கொடுக்கவில்லை; கீப்பருக்கும் இடது கம்பத்துக்கும் நடுவே திறந்த சந்தில் தாழ அடித்தார். கீப்பர் திரும்பி இடப்பக்கம் பாய்ந்தபோது பந்து போய்விட்டிருந்தது.

கணக்கைப் பாருங்கள். கோலின் அகலம் 7.32 மீட்டர். பக்கவாட்டில் அவ்வளவு ஒதுங்கி ஓடுகிற விங்கரின் கண்ணுக்கு அதில் ஒரு கீற்றுதான் தெரியும். அதே பந்து பெனால்டி புள்ளியருகே வருகிறவன் காலுக்குப் போனால் 11 மீட்டர் தூரத்தில் முழு கோலும் அவனுக்குத் திறந்து கிடக்கும். ஆபத்து எங்கே அதிகம்? இன்று பல பெரிய அணிகள், பந்தை இப்படிப் பின்னோக்கி உள்ளே தள்ளும் கட்பேக்கைக் குறிவைத்துத் தாக்குதலைத் திட்டமிடுவது இதனால்தான். தரவு, கணினி எதுவும் இல்லாத காலத்தில், 13 நிமிடத்துக்கு முன் நடந்ததை மட்டும் வைத்து அந்தக் கீப்பர் இந்தக் கணக்கைப் போட்டார். சரியாகவே போட்டார். அவர் விட்ட இடைவெளியைக் கவனித்துக் குறுகிய கோணத்திலிருந்து அடிக்கத் துணிந்தது விங்கரின் மேதைமை. அதை முழு மனதோடு கொண்டாடுவோம். ஒருவர் மேதையாக ஆடினார் என்பதற்காக எதிரில் நின்றவர் முட்டாளாகிவிடுவாரா?

ஆனால் கோப்பையை இழந்த பிரேசில் வேறு மாதிரி தீர்ப்பளித்தது. செப்டம்பரில் சாவோ பாலோவில் அந்நாட்டின் முதல் தொலைக்காட்சி நிலையம் ஒளிபரப்பைத் தொடங்கியதும், அக்டோபர் தேர்தலில் வர்காஸ் மீண்டும் அதிபராகத் தேர்ந்தெடுக்கப்பட்டதும் அதே 1950இல்தான். இருந்தும் அந்த ஆண்டு என்றால் பலருக்கும் முதலில் நினைவுக்கு வருவது இந்த ஓர் அடிதான். வெள்ளைச் சட்டையையே கைவிட்டு, 1953இல் ஒரு நாளிதழ் நடத்திய வடிவமைப்புப் போட்டி மூலம் மஞ்சளுக்கு மாறினார்கள். அதிகம் தூற்றப்பட்ட மூவரும் கறுப்பர்கள் என்பதைச் சொல்லாமல் கடக்க முடியாது. கறுப்பர்களை நம்பி கோலை ஒப்படைக்கக் கூடாது என்ற கேவலமான பேச்சு அங்கே பல பத்தாண்டுகள் ஓடியது. 2000இல் இறக்கும்வரை அந்தக் கீப்பர் இந்தப் பழியைச் சுமந்தார். எனக்கு இன்றும் ஆறவில்லை.

இனி என்ன நடக்கும்? கீப்பர்கள் இன்னும் துணிந்து நியர் போஸ்ட்டை விட்டுக்கொடுப்பார்கள். பயிற்சியாளர்களே அப்படிச் சொல்லிக்கொடுப்பார்கள். அந்தப் பக்கம் விழும் கோல்கள் கூடும், வசவும் கூடும். ஆனால் கட்பேக்கில் விழும் கோல்கள் அதைவிட அதிகமாகக் குறையும். விங்கர்கள் சும்மா இருக்க மாட்டார்கள். தலை நிமிராமல், கால் ஓங்காமல், ஓட்டத்திலேயே கம்பத்தருகே குத்திவிடும் ஷாட்டை வளர்த்தெடுப்பார்கள். அதற்கும் பதில் வரும். உள்பக்கம் நகர்வதுபோல் தோள் காட்டி, விங்கரை அடிக்க வைத்து, இடம் மாறாமல் நின்று பந்தைப் பிடிக்கிற கீப்பர் ஒருவர் கிளம்புவார். ஐந்தாறு வருடத்தில் எல்லா அகாடமியிலும் அதுதான் பாடம்.

2027இல் மகளிர் உலகக் கோப்பை பிரேசிலுக்குப் போகிறது. மரக்கானாவிலும் ஆட்டங்கள் உண்டு. பந்து பக்கக்கோட்டோரம் ஓடும்போது நீங்கள் கீப்பரின் காலைப் பாருங்கள். அந்தத் தொடரின் சிறந்த கீப்பர் விருது, நியர் போஸ்ட்டில் ஒரு கோலாவது வாங்கிய ஒருவருக்குத்தான் போகும் என்று இப்போதே எழுதி வைக்கிறேன்.