தங்கவயலின் அடியூர்

கிருஷ்ணகிரி மாவட்டத்து உத்தனப்பள்ளியிலிருந்து வடகிழக்கே மாநில எல்லை தாண்டினால் கர்நாடகத்தின் கோலார் தங்கவயல். பஸ் ஓடும் தெருக்களுக்குக் கீழே ஆளற்ற இன்னொரு ஊர். சாம்பியன் ரீஃப் சுரங்கத்தின் ஆழம் 3 கிலோமீட்டருக்கும் மேல். வட ஆர்க்காடு, சேலம் பக்கத்துத் தமிழர்கள் கம்பி வடத்தில் தொங்கும் கூண்டில் இறங்கி, சூடேறிய பாறையைக் குடைந்தார்கள். சிவசமுத்திரத்து மின்சாரம் 1902இல் முதலில் வந்தது இங்கேதான். காற்றுமண்டலத்தில் பிறக்கும் நியூட்ரினோ என்ற நுண்துகளை 1965இல் விஞ்ஞானிகள் பிடித்ததும் இந்த இருட்டில்தான். 2001 பிப்ரவரி 28உடன் வேலை நின்றது. சுரங்கங்களில் தண்ணீர் ஏறியது.

உள்ளே இறங்க ஆசைப்படாதீர்கள், ஆபத்து. மேலே நிற்கும் இரும்புச் சாரத்தையும், அதன் உச்சிச் சக்கரத்தையும், தங்கம் பிரித்த பின் கொட்டிய பக்கத்துச் சயனைடு மண்மேட்டையும் நின்று பாருங்கள். நம் தொழில் வரலாற்றில் இதைவிடப் பெரிய கைவேலை அபூர்வம்.