முள்கரண்டிச் சால்கள்

கறியை உருளைக்கிழங்கு மசியலால் மூடி ஓவனில் சுடும் ஷெப்பர்ட்ஸ் பை பற்றிப் பேச்செடுத்தால் எல்லோரும் கறியில்தான் ஆரம்பிக்கிறார்கள். செம்மறியா மாடா, பச்சைக் கறியா வெந்த கறியா, தக்காளி விழுது சேருமா சேராதா என்று ஒரு மணி நேரம் ஓடிவிடும். மேலே இருக்கும் உருளைக்கிழங்கைப் பற்றிக் கேட்டால், "மசித்துப் போட வேண்டியதுதானே" என்று முடித்துவிடுவார்கள். என் கட்சி வேறு. இந்தப் பண்டத்தில் பார்க்க வேண்டியதே மேலே அரை விரல்கடை உயரத்துக்கு நிற்கும் முறுகல்தான். கீழே உள்ள கறியும் வெங்காயமும் கிரேவியும் அந்த முறுகலுக்குத் துணை போக வந்தவை.

முறுகல் எங்கிருந்து வருகிறது? முள்கரண்டியிலிருந்து. மசியலைப் பரப்பி மட்டம் செய்தபின், நாலு பல் முள்கரண்டியை ஒரு ஓரத்தில் ஊன்றி, எதிர் ஓரம்வரை நிறுத்தாமல் இழுக்க வேண்டும். ஏர் போன வயலில் சால் விழுவதுபோல வரிசையாகக் கோடு விழும். இதை அலங்காரம் என்று நினைப்பவர்கள் உண்டு. கோட்டின் மேட்டுக்கும் பள்ளத்துக்கும் தனித்தனி வேலை இருக்கிறது. மேடு ஓவனின் சூட்டை மூன்று பக்கமும் வாங்கி முதலில் உலர்கிறது. உலர்ந்தால்தான் தண்ணீரின் கொதிநிலையைத் தாண்டிச் சூடேறும். 140 டிகிரியை ஒட்டி மெயிலார்ட் வினை வேகமெடுத்துச் சிவக்கத் தொடங்கும். பள்ளத்தில் ஈரம் தங்கிவிடுகிறது, அங்கே கிழங்கு கிழங்காகவே இருக்கிறது. ஒரே வாய்க்குள் மொறுமொறுப்பும் மெதுமெதுப்பும் அடுத்தடுத்து வருவதற்கு இந்த மேடு பள்ளமே காரணம். கரண்டியின் முதுகால் அலை அலையாக இழுத்து விடுபவர்களுக்கு மேடும் கிடைப்பதில்லை, பள்ளமும் கிடைப்பதில்லை.

குறுக்கும் நெடுக்குமாகக் கட்டம் போடுகிறவர்கள் இருக்கிறார்கள். பார்க்க நன்றாகத்தான் இருக்கும். ஆனால் இரண்டாவது இழுப்பு முதல் இழுப்பின் மேடுகளை வெட்டிச் சிறு முனைகளாக்கிவிடும். மற்ற இடம் சிவப்பதற்குள் அந்த முனைகள் கருகும். துணிப்பையில் மசியலை அடைத்து ரோஜாப் பூவாகப் பிழிகிற கூட்டத்தைப் பற்றி எனக்குச் சொல்ல ஒன்றுமில்லை. அவர்கள் பிறந்தநாள் கேக் செய்ய உட்கார்ந்து பாதியில் மனம் மாறியவர்கள்.

சால் சரியாமல் நிற்க வேண்டுமானால் கிழங்கு மாவுக் கிழங்காக இருக்க வேண்டும். இங்கிலாந்தில் கிங் எட்வர்ட், மாரிஸ் பைப்பர் என்று இரண்டு பெரிய ரகங்கள். ஏழாம் எட்வர்ட் முடிசூடிய 1902ல் வந்த கிங் எட்வர்டுக்குச் சுவையில் ஒரு பழைய வீட்டுப் பெருமை உண்டு. அவித்து வெண்ணெய் தடவிச் சாப்பிட அதுதான். சாலுக்கு என் ஓட்டு மாரிஸ் பைப்பருக்கு. கேம்பிரிட்ஜ் பயிர்ப் பெருக்க நிலையத்தார் 1966ல் வெளியிட்ட ரகம் அது. முறுகலை மனதில் வைத்து அவர்கள் அதை உருவாக்கவில்லை, அவர்கள் கவலையெல்லாம் வேரைத் தின்னும் தங்க நூற்புழு. அந்தப் புழுவுக்கு ஈடுகொடுக்கும் கிழங்கைத் தேடப்போய், பொரித்தாலும் சுட்டாலும் மேல்தோல் கட்டும் கிழங்கையும் சேர்த்துக் கொடுத்துவிட்டார்கள். நீலகிரிக்காரர்களுக்கு இந்தப் புழு புதிதல்ல. 1961ல் அது அங்கேயும் கண்டுபிடிக்கப்பட்டது. ஊட்டிக்குப் பக்கத்து முத்தோரை ஆராய்ச்சி நிலையம் அதோடு மல்லுக்கட்டித்தான் குஃப்ரி சுவர்ணா போன்ற எதிர்ப்பு ரகங்களைக் கொடுத்தது.

நம் ஊரில் இதைச் செய்ய மேட்டுப்பாளையம் மண்டியில் இறங்கும் மலைக்கிழங்கைத்தான் தேடுவேன். இப்போது அதற்கே தவம் கிடக்க வேண்டியிருக்கிறது. கடையில் ஊட்டிக் கிழங்கு என்று மண்ணைப் பூசி விற்பதில் பாதி, வடக்கே குளிர்பதனக் கிடங்கில் மாதக்கணக்கில் தூங்கி எழுந்து வந்தது. 2 முதல் 4 டிகிரிக் குளிரில் கிடக்கும் கிழங்கில் மாவுச்சத்து கொஞ்சம் கொஞ்சமாகச் சர்க்கரையாக மாறும். மசித்தால் நாக்கில் அசட்டுத் தித்திப்பு தட்டும். அதைவிடப் பெரிய அநியாயம் ஓவனில் நடக்கிறது. சர்க்கரை முந்திக்கொண்டு சிவக்கும், உள்ளே ஈரம் போயிருக்காது. நிறம் வந்துவிடும், முறுகல் வராது. சந்தேகம் இருந்தால் ஒரு பங்கு உப்புக்குப் பதினொரு பங்கு தண்ணீர் கரைத்துக் கிழங்கைப் போட்டுப் பாருங்கள். மாவுள்ளது மூழ்கும், நீர்க்கிழங்கு மிதக்கும். மிதக்கிறதைக் குருமாவுக்கு வைத்துக்கொள்ளலாம்.

வெந்த கிழங்கை வடித்தவுடன் மசிப்பது அவசரக்காரர் வேலை. வடித்த பாத்திரத்திலேயே திரும்பக் கொட்டி, அடுப்பைத் தணித்து, குலுக்கிக்கொண்டே இருந்தால் ஆவி போகும். கிழங்கின் ஓரங்களில் வெள்ளையாகப் பொடி பூக்கும். அப்போது மத்தை எடுக்கலாம். மிக்ஸி பக்கமே போகக் கூடாது. அதன் கத்தி கிழங்கின் செல்களைக் கிழித்து மாவுச்சத்தை வெளியே விட்டால், கிடைப்பது போஸ்டர் ஒட்டும் பசை. கிலோவுக்கு 75 கிராம் வெண்ணெய், கட்டி உடையும் அளவுக்குச் சூடான பால், உப்பு, வெள்ளை மிளகு. இதற்கு மேல் எதைச் சேர்த்தாலும் சால் படுத்துவிடும்.

இங்கேதான் பிரெஞ்சுக் கட்சியோடு எனக்கு மெல்லிய தகராறு. பிரெஞ்சுச் சமையல் கலைஞர் ழோயல் ரொபுஷோனின் மசியல் உலகப் புகழ் பெற்றது. ஒரு கிலோ ராட் ரகக் கிழங்குக்குக் கால் கிலோ வெண்ணெய் என்பது அவர் அச்சில் கொடுத்த அளவு, சல்லடையில் தேய்த்துப் பட்டாக்கியது. தட்டில் தனியாக வைத்தால் நானும் தலைவணங்குவேன். ஆனால் அதைப் பையின் தலையில் ஏற்றினால் ஓவன் சூட்டில் கோடெல்லாம் கரைந்து சமதரையாகிவிடும். அவர்கள் ஊர்ப் பண்டமான ஆஷி பார்மான்தியேயும் பெரும்பாலும் அப்படித்தான், வழவழவென்று ஒரு தரை, அதன்மேல் சீஸ் துருவலோ ரொட்டித் தூளோ. கிழங்கைப் பிரான்ஸ் ஏற்கச்செய்த பார்மான்தியேயின் கல்லறையில், பாரிஸ் பெர் லஷேஸ் இடுகாட்டில், இன்றும் யாராவது கிழங்கை வைத்துவிட்டுப் போகிறார்கள். அந்த மரியாதை அவருக்குத் தகும். அவர் பெயரில் வரும் பண்டத்தின் மேல்தோலுக்குத் தகாது.

சீஸ்காரர்கள் இங்கிலாந்திலும் உண்டு. கம்பர்லாந்து பை என்று ரொட்டித் தூளும் சீஸும் தூவி எடுக்கிறார்கள். அது நன்றாக இருக்கும், யார் இல்லை என்றது? ஆனால் மொறுமொறுப்பு அங்கே இரவல் வாங்கியது. கிழங்கு தன் உழைப்பில் சம்பாதித்ததை ரொட்டித் தூளின் கணக்கில் எழுதுகிறோம். முட்டை மஞ்சள் கரு தடவுவதும் அதே வகை. பளபளப்பு வரும், பல்லில் ஒன்றும் தட்டாது.

இந்த விஷயத்தில் எனக்குக் குரு போத்தனூர் ரயில்வே குவார்ட்டர்ஸில் இருந்த ஒரு ஆங்கிலோ இந்திய ஆன்ட்டி. அவர் வீட்டில் ஓவன் கிடையாது. கனமான தேக்சாவைக் கரி அடுப்பில் வைத்து, மூடியைக் கவிழ்த்து, மூடியின் மேல் தணல் குவிப்பார். கீழே நெருப்பு பேருக்கு, மேலே நெருப்பு நிஜத்துக்கு. கிரில் என்ற வசதியை இயந்திரம் இல்லாமலே அவர் வீட்டில் வைத்திருந்தார். கோட்டை ஒரே மூச்சில் இழுப்பார், பாதியில் கை நின்றுவிட்டால் கரண்டியால் மட்டம் செய்து மறுபடி முதலிலிருந்து தொடங்குவார். பிள்ளைகளுக்கு அது வீண்வேலையாகத் தெரியும், பசி வேறு. மூடியைத் திறக்கும்போது கோடுகளின் உச்சி மட்டும் செம்பு நிறத்தில் இருக்கும், பள்ளங்கள் வெண்ணெய் நிறத்தில். அவருடைய கறி சுமார்தான். மல்லித்தூளும் பச்சை மிளகாயும் கொஞ்சம் தூக்கலாக இருக்கும். அதை யாரும் பொருட்படுத்தியதில்லை.

அதே வீட்டில் ஞாயிற்றுக்கிழமைகளில் பொட்டேட்டோ சாப்ஸும் வரும், மசியலுக்குள் கறியை வைத்து மூடி, ரொட்டித் தூளில் புரட்டிப் பொரித்தது. பெரம்பூரிலும் பொன்மலையிலும் சாப்ஸ்தான் உசத்தி என்று சண்டைக்கு வருபவர்கள் இருக்கிறார்கள். சுற்றிலும் முறுகல், பிறகென்ன என்பது அவர்கள் வாதம். எனக்கு ஒரு குறை. சாப்ஸில் கிரேவி இல்லை. கிரேவி இல்லாத இடத்தில் ஓரம் என்று ஒன்று உருவாகாது.

ஓரம் தனிக் கதை. கறியை நன்றாக ஆறவைத்து, மேலே ஆடை கட்டியபின்தான் மசியலை ஏற்ற வேண்டும். சூட்டோடு ஏற்றினால் மசியல் அமிழும். ஏற்றும்போது ஓரத்திலிருந்து நடுவுக்கு வர வேண்டும், நடுவில் கொட்டி ஓரத்துக்குத் தள்ளினால் கறி பிதுங்கும். இவ்வளவு ஜாக்கிரதையாக அடைத்தாலும், 200 டிகிரியில் அரைமணி நேரம் கழித்து கிரேவி எங்காவது வழி கண்டுபிடித்துப் பாத்திரத்தின் சுவரோரம் கொப்புளித்து வரும். வந்தது அங்கேயே வற்றி, கிழங்கோடு ஒட்டி, கறுப்புக்கும் சிவப்புக்கும் நடுவே ஒரு பிசுக்காகப் பிடிக்கும். சமையல்காரருக்கு உரிய கூலி அதுதான்.

கறிக்கு வருகிறேன், சுருக்கமாக. செம்மறிதான் சரி, மாடு போட்டால் அது காட்டேஜ் பை என்று பிரித்துக் கோடு போடுபவர்கள் பழைய நூல்களைப் புரட்டலாம். 19ஆம் நூற்றாண்டின் நடுவில் எடின்பரோவில் அச்சான சமையல் நூல் ஒன்றில் எந்த வெந்த கறியானாலும் சரி என்றுதான் இருக்கிறது, அதுவும் அரைத்ததல்ல, நறுக்கியது. ஞாயிற்றுக்கிழமை சுட்ட கறியின் மிச்சம் திங்கட்கிழமை பையாக மாறியது. கைச்சுற்று அரைவை இயந்திரம் வீடுகளுக்கு வந்தபின் நறுக்குவது போய்விட்டது. எனக்குக் கத்தியால் கொத்திய கறிதான் வேண்டும். இயந்திரத்தில் அரைத்த கைமா ஒரே பதத்தில் இருக்கும், கொத்துக்கறியில் ஒவ்வொரு துணுக்கும் வேறு. லீ அண்ட் பெரின்ஸ் ஊஸ்டர் சாஸ் தாராளமாக விடுங்கள். 1837 முதல் ஊஸ்டர் நகரத்தார் விற்கும் அந்தப் புட்டியில் இருப்பது புளியும் நெத்திலி இனத்து மீனும், நமக்கு அந்நியமானது எதுவுமில்லை. பட்டாணியைத் தட்டோரத்தில் வையுங்கள், உள்ளே போட்டு ஈரத்தைக் கூட்டாதீர்கள்.

முறுகல் தேய்ந்த கதையும் சொல்லியாக வேண்டும். இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் பிரிட்டனில் கறிக்கு ரேஷன் இருந்தது. 1954 ஜூலையில்தான் அது முடிந்தது. கிழங்குக்குப் போர் முடியும்வரை ரேஷன் இல்லை. ஆக, கீழே கறி மெல்லிசு, மேலே கிழங்கு தடிமன். தட்டைக் காப்பாற்றியது மேல்தோல். வசதி வந்தபின் அந்தக் கவனம் போய்விட்டது. 1970களில் கேட்பரியின் ஸ்மாஷ் மசியல் பொடிக்குத் தொலைக்காட்சியில் ஒரு விளம்பரம் வந்தது. தோல் சீவி, வேகவைத்து, மசிக்கும் பூமிவாசிகளைப் பார்த்துச் செவ்வாய்க் கிரகத்து உலோகப் பொம்மைகள் விழுந்து விழுந்து சிரிக்கும். நாடே சேர்ந்து சிரித்தது. அதற்குப் பிறகு பிளாஸ்டிக் தட்டில் ஆயத்த பை, மைக்ரோவேவில் சில நிமிடம். மைக்ரோவேவ் தண்ணீரைத்தான் சூடாக்கும், மேல்தோலை உலர்த்தாது. 2013ல் மாட்டுக்கறி என்று விற்றவற்றில் குதிரைக்கறி கலந்திருந்தது வெளியானபோது, லங்காஷையர் பள்ளிகளுக்குப் போன காட்டேஜ் பையும் அந்தப் பட்டியலில் இருந்தது. கறி என்ன கறி என்று நாடே கேட்டது, நியாயமான கேள்வி. அந்தக் குழந்தைகளின் தட்டில் மேல்தோல் என்று ஏதாவது இருந்ததா என்று யாரும் கேட்கவில்லை.

லண்டன் ஐவி உணவகத்தில் பிரபலங்கள் விரும்பிக் கேட்டதும், நாவலாசிரியர் ஜெஃப்ரி ஆர்ச்சர் தன் விருந்துகளில் க்ரூக் ஷாம்பெய்னோடு பரிமாறியதும் இதே பைதான். பெருமை திரும்பியது, பாத்திரம் கெட்டது. இப்போது நம் மலைவாசஸ்தல விடுதிகளிலும் ஆளுக்கொரு குட்டிக் கிண்ணத்தில் கொண்டுவந்து வைக்கிறார்கள். ஆழம் அதிகம், பரப்பு கம்மி. முள்கரண்டியை ஊன்றினால் இழுக்க இடமில்லை. அதை மறைக்கத்தான் சீஸ்.

அகலமான, நாலு விரல்கடைக்கு மேல் ஆழமில்லாத, நீள்சதுரப் பீங்கான் பாத்திரம் ஒன்று வாங்குங்கள். வட்டப் பாத்திரம் வேண்டாம், அதில் மூலை கிடையாது. இரண்டு பக்கமும் ஓரம் பிடித்த அந்த மூலைத்துண்டுக்கு ஈடாக நடுத்துண்டு எதையும் என்னால் சொல்ல முடியாது. சமையல் நூல்கள் ஆறு பேருக்குப் போதும், எட்டு பேருக்குப் போதும் என்று தாராளமாக எழுதுகின்றன. கறியை வைத்துக் கணக்குப் போட்டால் அப்படித்தான் வரும். பாத்திரத்துக்கு மூலை நாலு. நான் பை செய்யும் நாளில் வீட்டில் உள்ளவர்களைக் கழித்து மிச்சம் எத்தனை மூலையோ அத்தனை பேரைத்தான் அழைக்கிறேன். அழைக்கப்படாதவர்கள் கோபித்துக்கொள்வதும் நியாயம்தான்.