உடையார்பாளையத்தில் ஒரு கோபம்

அரியலூர், பெரம்பலூர்ப் பக்கத்து மாணவர்கள் உ. வே. சாமிநாதையரின் 'என் சரித்திர'த்தைத் தங்கள் ஊர்க் கதையாகவே படிக்கலாம். 1940 முதல் 1942 வரை ஆனந்த விகடனில் தொடராக வெளிவந்த அந்நூலின் முற்பகுதியில் அரியலூரும் குன்னமும் நிறைய வருகின்றன. அதில் கனம் கிருஷ்ணையரைப் பற்றிய பகுதியை மட்டும் இங்கே எடுத்துக்கொள்கிறேன். இயற்பியல் ஆசிரியனுக்கு இலக்கிய நூலில் என்ன வேலை என்று கேட்க வேண்டாம்; குரல் என்பதும் அதிர்வுதானே!

கிருஷ்ணையர் 19-ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் உடையார்பாளையம் ஜமீனில் இருந்த சங்கீத வித்துவான். உ.வே.சா.வின் தந்தையாருக்கு உறவினர், குருவும் ஆவார். தஞ்சைக்கு வந்த போபிலி கேசவையா பாடிக் காட்டிய 'கனம்' என்ற கடினமான முறையைத் தாமும் பயின்று தேர்ந்ததால் அந்தச் சொல் அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது. படிப்பவர்கள் வியப்பது இந்தக் குரல் வலிமையைத்தான்.

எனக்குள்ள முதல் குறையும் இங்கேதான். உ.வே.சா. பிறந்தது 1855-இல். தாம் நேரில் கேளாத குரலைப் பெரியோர் சொல்லக் கேட்டு எழுதுகிறார். ஆகவே நமக்குக் கிடைப்பது பலனைப் பற்றிய வருணனை. மூச்சும் தசையும் வேலை செய்த விதம் அன்று. அதனால் பயிற்சியால் வந்த ஒன்று பிறவி வரமாகத் தோன்றிவிடுகிறது.

ஒலி நாபியிலிருந்து எழுகிறது என்பார்கள் நம் பாடகர்கள். தொல்காப்பியப் பிறப்பியலும் உந்தியிலிருந்து எழும் காற்றைத்தான் முதலில் சொல்கிறது. ஒலி பிறப்பது உண்மையில் குரல்வளையில் உள்ள குரல்நாண்களில். ஆனால், அவற்றை அதிரச் செய்யும் காற்றை அளந்து விடுபவை விலா, வயிற்றுத் தசைகளும் உதரவிதானமும். எனவே அந்தப் பழைய பேச்சு முழுத் தவறன்று. சாதாரணப் பேச்சுக்கு வேண்டிய காற்றழுத்தம் 5 முதல் 10 செ.மீ. உயர நீரின் அழுத்தமே. கோபம் வந்ததும் மூச்சு வேகமாகிறது. குரல்வளைத் தசைகள் இறுகுகின்றன. குரல்நாண்கள் இழுபட்டு அதிர்வெண் உயர்கிறது. வீணைத் தந்தியை முறுக்கினால் சுருதி ஏறுவதில்லையா? ஏறக்குறைய அதே கதைதான். பேச்சுப்போட்டியில் உணர்ச்சியைக் காட்டுவதாக நினைத்துக் கத்தும் மாணவனுக்கு மூன்றாம் நிமிடத்தில் தொண்டை கட்டுவது இதனால்தான்.

ஆயினும் இப்பகுதியில் என்னைக் கவர்ந்தது கன மார்க்கம் அன்று. பலர் வேகமாகக் கடந்துவிடும் வேறொரு நிகழ்ச்சி. ஒரு சமயம் ஜமீன்தார் கிருஷ்ணையரைக் கவனிக்காமல் இருந்துவிட்டார். கிருஷ்ணையருக்கு மனத்தாங்கல். அவர் கத்தவில்லை, விழுங்கிவிடவும் இல்லை. தலைவனிடம் ஊடும் தலைவியின் வாய்மொழியாக ஒரு பதம் இயற்றிப் பாடினார். ஜமீன்தார் குறிப்பை உணர்ந்துகொண்டார்.

கோபத்தை விழுங்குவதும் வேறு வழியில் திருப்புவதும் ஒன்றல்ல. அமெரிக்க உளவியலாளர் ஜேம்ஸ் கிராஸ் 1998-இல் வெளியிட்ட ஆய்வில், அருவருப்பான படம் பார்த்தபோது அதை முகத்தில் காட்டாமல் அடக்கியவர்களுக்கு உடலின் உட்கிளர்ச்சி கூடியது, அருவருப்பும் குறையவில்லை. காட்சியை வேறு நோக்கில் எண்ணிப் பார்த்தவர்களுக்கோ அருவருப்பே குறைந்தது. "வாயை மூடு, கோபத்தை அடக்கு" என்று வகுப்பில் சொல்லும் நாம், இவற்றுள் கடினமானதும் பயன் குறைந்ததுமான வழியையே மாணவனுக்குக் காட்டுகிறோம்.

ஓர் ஐயம் எழலாம். கிருஷ்ணையர் ஜமீனை அண்டி வாழ்ந்தவர். அவரால் கத்தியிருக்க முடியுமா? முடியாது என்றே நினைக்கிறேன். அடக்கத்தைக் கற்க வேண்டியவர் எப்போதும் கீழே நிற்பவராகவே இருக்கிறார். மேலே இருப்பவரின் குரலை யார் அளக்கிறார்கள்? இந்தக் கேள்வியை நூல் எழுப்பவில்லை. வித்துவானின் சாமர்த்தியத்தையும் புரவலரின் ரசிகத்தன்மையையும் ஒருங்கே பாராட்டி நகர்ந்துவிடுகிறது. கதை இனிக்கிறது, ஆனால் அதன் கசப்பு நமக்குத் தெரியாமல் போகிறது.

வாசகர்கள் வீட்டிலேயே ஒரு சோதனை செய்து பார்க்கலாம். ஒரு டம்ளரில் நீர் எடுத்து, பப்பாளி இலைக் காம்பை 5 செ.மீ. ஆழத்துக்கு அமிழ்த்தி மெல்ல ஊதுங்கள். குமிழிகள் விட்டுவிட்டு வராமல் சீராக வர வேண்டும். பத்து விநாடி போதும். பேச்சுக்கு வேண்டிய அழுத்தம் ஏறக்குறைய இதுதான். ஊதிக்கொண்டே மணிக்கட்டில் நாடியைத் தொட்டால், மூச்சை வெளிவிடும்போது துடிப்பு சற்றுத் தணிவதும் புலப்படலாம். அடுத்து, யார்மீதாவது உண்மையாகவே கோபமாக இருக்கும் வேளையில் இதையே திரும்பச் செய்யுங்கள். என் வகுப்பில் செய்து பார்த்தபோது மாணவர்களின் குமிழிகள் ஓரளவு சீராகவே வந்தன. வருகைப் பதிவேட்டை அப்போதுதான் சத்தம் போட்டு முடித்திருந்த என் டம்ளரில் நீர் மேசைமேல் தெறித்தது.