பரங்கிக்காய்க்கு எந்த ஊர்?

வேங்கிக்காலில் கலெக்டர் ஆபீஸ் பக்கம் புதிதாகத் திறந்த ஒரு கடையில், போன வாரம் நானும் அம்மாவும் ‘ஸ்வீட் அண்ட் சேவரி ஃப்யூஷன் வெஜ் ஸ்டிர் ஃப்ரை’ என்று ஒன்றை வாங்கிச் சாப்பிட்டோம். குடைமிளகாய், கேரட், பேபி கார்ன், அன்னாசித் துண்டுகள். மேலே சோயா சாஸும் தேனும் கலந்த பளபளப்பு, அதற்கு மேலே வெள்ளை எள். அம்மா இரண்டு வாய் சாப்பிட்டுவிட்டு, “கண்ண மூடிக்கிட்டுத் தின்னா எது கேரட்டு எது குடமொளகான்னு தெரியலையேடா” என்றாள். அப்புறம், “வெல்லம் போட்ட பரங்கிக்கா பொரியல்தான இது? இதுக்கு எதுக்கு இவ்ளோ பெரிய பேரு?”

முதலில் சொன்னது நல்ல விமர்சனம். இரண்டாவது பாதிதான் சரி என்று எனக்குப் படுகிறது.

இனிப்பும் காரமும் ஒரே வாயில் சேர்வது நமக்குப் புதிதில்லை. மார்கழித் திருவாதிரைக்கு வெல்லம் போட்ட களியையும், புளியும் மிளகாயும் சேர்ந்த ஏழுகறிக் கூட்டையும் ஒரே இலையில் வைத்துத்தான் சாப்பிடுகிறோம். வத்தக்குழம்பை இறக்கும்போது ஒரு துண்டு வெல்லம் போடுகிற வீடுகள் நிறைய. உடுப்பிக்காரர்கள் சாம்பாரிலேயே போடுகிறார்கள், குஜராத்திகள் பருப்பில். ‘சேவரி’ என்பதற்குத் தமிழில் ஒற்றைச் சொல் தேடினால் ‘காரம்’தான் வந்து நிற்கிறது, ஸ்வீட் காரம் காபியில் வருகிற அதே காரம். ஆகவே புதுமை என்று அந்த மெனு அட்டை சொல்லிக்கொள்வதில் சரக்கில்லை.

ஆனால் புதுமை இல்லை என்பது ஒரு குறையே அல்ல. குறை செய்முறையில் இருக்கிறது.

பரங்கிக்காய் பொரியலில் கடுகு, உளுத்தம்பருப்பு, காய்ந்த மிளகாய் தாளித்து, காயைப் போட்டு, உப்பு போட்டு, கை தெளித்த தண்ணீரில் மூடி வைப்பார்கள். முக்கால் பதம் வெந்த பிறகுதான் வெல்லம். தேங்காய் அதற்கும் பிறகு. வெல்லத்தை முதலிலேயே போட்டால் காய் வேகாது என்று வீட்டில் அதட்டுவார்கள். அது வெறும் நம்பிக்கை இல்லை. காயின் செல்களை ஒட்ட வைத்திருக்கும் பெக்டின் கரைந்தால்தான் காய் மெத்தென்று ஆகும். சர்க்கரை தண்ணீரைத் தன் பக்கம் இழுத்துக்கொள்வதால் அந்தக் கரைசல் தாமதமாகிறது. புளியில் உள்ள அமிலமும் அதைத் தாமதப்படுத்துகிறது. அதனால் முதலில் காய் தன் ருசிக்கு வந்துவிடுகிறது, வெல்லம் வந்து அதை இன்னும் கொஞ்சம் தூக்கிவிடுகிறது.

சீனர்களின் வதக்கலுக்கும் இதேபோல ஒரு கறார் உண்டு. இரும்புச் சட்டி, சீறுகிற தீ, ஒரு தடவைக்குக் கொஞ்சம் காய், சாஸ் கடைசி நொடிகளில். சட்டி நிறையக் காயைக் கொட்டினால் சூடு இறங்கிவிடும், காய் நீர் விடும், அப்புறம் நடப்பது வதக்கல் இல்லை, அவியல். (நம் அவியலைச் சொல்லவில்லை. அது பாவம்.) அந்தக் கடையில் நடந்தது இதுதான் என்று நினைக்கிறேன். விட்ட நீரைச் சோளமாவு போட்டுக் கெட்டியாக்கி, அதையே எல்லாக் காய்க்கும் சட்டையாக மாட்டிவிட்டார்கள். இனிப்பு சட்டையில்தான் இருந்தது, காயில் இல்லை. அம்மாவுக்கு கேரட் அடையாளம் தெரியாமல் போனது அதனால்தான்.

இந்த வகையில் கோபி மஞ்சூரியனை நான் எப்போதும் மதிக்கிறேன். கல்கத்தாவில் பிறந்த நெல்சன் வாங் 1975-ல் பம்பாயில் சிக்கனை வைத்து மஞ்சூரியனைத் தொடங்கியதாகச் சொல்வார்கள். நம்மூர்த் தள்ளுவண்டிக்கு வருவதற்குள் அது காலிஃபிளவராக மாறிவிட்டது. தன்னை ஃப்யூஷன் என்று அது சொல்லிக்கொண்டதே இல்லை.

இனி அம்மா சொன்னதில் சரியில்லாத பாதி. ‘எல்லாம் நம்மகிட்ட ஏற்கெனவே இருக்கு’ என்று பேசுகிற பழக்கம் எனக்கும் உண்டு, பத்தி எழுதும்போது வசதியான பழக்கம். ஆனால் பரங்கிக்காய் என்ற பெயரையே கவனியுங்கள். பரங்கி என்றால் அந்நியன். கடலூர் பக்கத்துப் பரங்கிப்பேட்டையிலும் அதே பரங்கிதான். அந்தக் காயும், தாளிக்கிற மிளகாயும் அமெரிக்காவில் தோன்றியவை. 1498-க்குப் பிறகு, போர்ச்சுகீசியர் வந்துபோன காலத்தில் இங்கே இறங்கியவை. நம் கடுகும் நம் வெல்லமும் நம் தேங்காயும் அதோடு சேர்ந்தன. ஆக அம்மாவின் பொரியல்தான் அசல் ஃப்யூஷன். யாரும் அதற்கு அப்படிப் பெயர் வைக்கவில்லை, அவ்வளவுதான். பலபேர் பல தலைமுறையாகச் செய்து செய்து, வெல்லம் எப்போது விழ வேண்டும் என்று கண்டுபிடித்தார்கள். மார்கழிக் கோலத்தில் சாணி உருண்டைமேல் அதன் பூவை வைக்கிற அளவுக்கு உறவாகிவிட்டது. அந்நியக் காய் என்று அதை யாரும் ஒதுக்கவில்லை. அப்படியிருக்க சோயா சாஸை ஒதுக்க எனக்கு என்ன உரிமை?

அதனால் ஞாயிற்றுக்கிழமை நானே செய்து பார்த்தேன். இரும்பு வாணலி, காய்களைத் தனித்தனியாக வதக்கி எடுத்தது, தேனுக்குப் பதில் பொடித்த வெல்லம் ஒரு ஸ்பூன், சோயா சாஸ் அரை ஸ்பூன், இரண்டும் அடுப்பை அணைப்பதற்குச் சற்று முன். கேரட் கேரட்டாக இருந்தது. குடைமிளகாயும் பரவாயில்லை. அன்னாசி மட்டும் என்ன செய்தும் நீர் விட்டு மொத்தத்தையும் நனைத்துவிட்டது. அடுத்த தடவை அந்த இடத்தில் பரங்கிக்காயைப் போட்டுப் பார்க்க வேண்டும்.

அம்மா தட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். “எள்ளு எங்கடா? அந்தக் கடைக்காரரு போட்ட எள்ளு மட்டும் நல்லாத்தான் இருந்துச்சு” என்றாள்.