திரையில் மூத்த பெண்: ஸ்ரீவித்யாவின் இரு பாத்திரங்கள்

கே. பாலசந்தரின் 'அபூர்வ ராகங்கள்' (1975) படத்தில் பருவமெய்திய மகளுக்குத் தாயான பைரவியாக நடித்தபோது ஸ்ரீவித்யாவுக்கு வயது 22. பைரவியைப் பிரிந்துசென்ற கணவனாகத் தோன்றியவர் ரஜினிகாந்த். 16 ஆண்டுகளுக்குப் பின், மணிரத்னத்தின் 'தளபதி'யில் (1991) அதே ரஜினிகாந்துக்கு அவர் தாயானார். நடிகரோ அவரைவிட இரண்டரை வயது மூத்தவர். கல்யாணி பதின்பருவத்திலேயே குழந்தை பெற்றவள் என்னும் கதைக்காரணம் இத்தேர்வை ஓரளவே நியாயப்படுத்துகிறது.

இவ்வயதுக் கணக்கு பலரும் அறிந்ததே. அதனினும் கருதத்தக்கது பாத்திரங்களின் உள்ளீடு. பைரவிக்குக் கச்சேரி மேடை உண்டு, சினம் உண்டு, தன்னினும் இளையவனின் காதலை ஏற்பதா என்னும் தயக்கமும் உண்டு. அவ்விருப்பம் நிறைவேறுவதில்லை, ஆயினும் படம் அதனை விருப்பமெனவே மதித்தது. கல்யாணிக்கு எஞ்சுவது தாய்மை ஒன்றே. ரயிலோசை கேட்டு அவள் கலங்கும் காட்சிகளில் ஸ்ரீவித்யாவின் கண்கள் குற்றவுணர்வைச் சொல்லின்றியே உணர்த்துகின்றன. நடிப்பு விரிந்தது, எழுத்துதான் குறுகியது. மூத்த மகனிடம் அவள் வைக்கும் வேண்டுகோளும் இளைய மகனின் உயிருக்காகவே. கல்யாணி குந்தியின் சாயலில் அமைந்தவள். எனினும், கண்ணன்வழிச் செய்தி விடுத்துத் தன் மைந்தரைப் போருக்கு ஊக்கிய குந்தியின் அரசியற்குரல் இவளுக்கு வழங்கப்படவில்லை.