பெயரில்லா மலையின் ஒளியும் ஒலியும்: அகநானூறு 82 – ஒரு மறுநோக்கு

சங்கப் புலவரின் இயற்கைப் புனைவுத்திறனுக்குச் சான்று காட்ட முனைவோர் பலரும் முதலில் நாடுவது அகநானூற்றின் 82ஆம் பாடலாகும். களிற்றியானை நிரையில் அமைந்த இக்குறிஞ்சிப் பாடலைப் பாடியவர் கபிலர். பதினெட்டு அடிகளைக் கொண்ட இப்பாடலில் பெரிதும் எடுத்தாளப்படுவன முதற் பத்து அடிகளே. எஞ்சிய எட்டு அடிகள் பேசப்படுவது அரிது. இவ்வாறு பாடலை இரண்டாகத் துணித்து முற்பகுதியை மட்டும் பாராட்டுவது, பாராட்டப்படும் பகுதியையே பிழைபட உணர்வதற்கு வழிசெய்கின்றது என்பதே நமது கருத்து.

முற்பகுதியின் செய்தியை முதலிற் சுருக்கிக் கூறுவோம். அசைகின்ற மூங்கிலில் துளைகள் உள. அவை வண்டு துளைத்தவை என உரைகாரர் கொள்வர். அவற்றினூடே புகும் மேல்காற்றுக் குழலிசையாகின்றது. அருவியின் ஓசை முழவாகின்றது. கலைமான் கூட்டத்தின் கடுங்குரல் தூம்பாகின்றது. மலைச்சாரல் வண்டின் ஒலி யாழாகின்றது. மந்திகள் அவையோராய் வியந்து நோக்க, மயில் களம்புகுந்த விறலிபோல் ஆடுகின்றது. தலைவனின் நாடு இத்தகையது.

இம்மலைக்குப் பெயரில்லை. மலையொலிகளைத் தொகுத்துரைப்பதில் இதனோடு ஒப்பிடத்தக்க மலைபடுகடாம் நன்னனது நவிர மலையைப் பெயர் சுட்டிப் பாடுகின்றது. புலி பாய்ந்த கணவரின் புண் தணியக் கொடிச்சியர் பாடும் பாட்டும், தினை குற்றும் மகளிரின் வள்ளைப் பாட்டும் ஆங்கு அருவியொலியோடு கலந்து கேட்கின்றன. அது மாந்தர் வாழ்ந்து உழைக்கும் மலை. கபிலரின் மலையிலோ மனிதக் குரல் ஒன்றேனும் இல்லை. கருவியும் கூத்தும் அவையும் உள. அவற்றை இயக்கும் மாந்தர் இலர். எனவே இதனை யாரும் சென்று காணத்தக்க இடமாகவன்றி, ஒருத்தியின் உள்ளம் படைத்துக்கொண்ட இடமாகவே நாம் கொள்ளுதல் வேண்டும்.

இப்படைப்பில் ஒளியும் ஒலியும் தனித்தனியே நிற்கவில்லை. மூங்கிற்றுளைக்குப் புலவர் கொடுத்த அடை ஒலி பற்றியதன்று. ‘அவிர்’ என்னும் ஒளிச்சொல்லாகும். குழலிசை பிறக்கும் துளையே ஒளிவிடும் துளையாகவும் அமைகின்றது. காற்றும் கதிரும் ஒரே வாயிலில் சந்திக்கின்றன. அவ்வாறே, செவிக்குரிய நால்வகை ஓசையும் இறுதியில் கண்ணுக்குரிய மயிலின் ஆட்டத்தில் வந்து முடிகின்றன.

ஈண்டுப் பிற்பகுதியை நோக்குவோம். வில்லேந்தி, அம்பினை ஆராய்ந்து பற்றி, போர்புரியும் யானை சென்ற வழியை வினவியவனாய், தினைப்புனத்தின் ஒருபுறத்தே தலைவன் நின்றான். அவனைக் கண்டோர் பலர். அவர்களுள், செறிந்த இருளில் படுக்கையிற் கிடந்து, கண்ணீர் வார, தோள் மெலிய வருந்துபவள் தான் ஒருத்தி மட்டுமே ஆனது ஏன் எனத் தோழியை வினவுகின்றாள் தலைவி.

முற்பகுதியின் ஒவ்வோர் உறுப்பும் இப்பகுதியில் மாற்றுருவம் பெற்று மீளுதல் கவனிக்கத்தக்கது. அங்கே அருவி நீர், இங்கே கண்ணீர். அங்கே வியந்து நோக்கும் மந்திகளின் அவை; இங்கே தலைவனைக் கண்ட பலர். அங்கே மூங்கிலின் துளை. இங்கே தலைவன் நின்ற புனத்திற்குப் ‘புழை’ என்னும் வாயில். துளை, புழை என்னும் இருசொற்களும் பொருளால் நெருங்கியவை. துளையிற் புகுந்த காற்று இசையாயிற்று. புழையருகே வந்து நின்றவன் இவளுள்ளத்தில் விளைத்ததோ ஓசையற்ற துயரம். முதல் ஏழடிகளில் இசை நிறைந்திருக்க, இறுதி மூன்றடிகளில் யாதோர் ஒலியும் இல்லை. ஒளிச்சொல்லோடு தொடங்கிய பாடல் இருளிற் சென்று முடிகின்றது.

குறிஞ்சிக்குரிய சிறுபொழுது யாமம் என்பது இலக்கண மரபு. ஆயினும் இப்பாடலின் மலைக்காட்சிகள் பகற்பொழுதிற்கு உரியன. யாமம் மலையில் வரவில்லை. தலைவியின் படுக்கையிலேதான் வருகின்றது. புணர்தலுக்குரிய பொழுது தனிமைக்குரிய பொழுதாகிவிட்ட அவலத்தைக் கபிலர் இவ்வாறு பொழுதமைப்பினாலேயே புலப்படுத்திவிடுகின்றார்.

இவ்வெதிர்நிலைகள் யாவும் வாசகர் வலிந்து கற்பித்தவை எனக் கூறுவார் உளராகலாம். அவர்க்குப் பாடலின் துறையே விடையாகும். இது தலைமகள் தோழிக்கு அறத்தொடு நின்ற பாட்டு. மறைத்த காதலை வெளிப்படுத்தி, அதனை மணத்தில் முடிக்க வழிதேடுவதே அத்துறையின் நோக்கம். அத்தகையதொரு நெருக்கடியிற் பேசுபவள் காட்சியின்பத்துக்காகப் பத்தடிகளைச் செலவிடாள். தன் நோய்க்குக் காரணமானவனின் பெருமையையும், பலரும் கண்ட ஒன்று தன்னை மட்டும் வருத்துவதையும் தோழி ஒருங்கே உணருமாறு செய்தல் வேண்டும். அதற்கு அம்மலை இன்றியமையாதது. ஒளியும் ஒலியும் அத்துணை நிறைந்திராவிடின், இருளும் மோனமும் இத்துணைக் கனத்திரா.

ஆகவே இப்பாடலை ‘இயற்கையின் இசையரங்கு’ எனப் பெயரிட்டு அத்துடன் அமைவது போதாது. முதற் பத்தடிகளோடு நின்றுவிடும் வாசகர் மயிலாட்டத்தை வியந்து நோக்கும் அம்மந்திகளின் அவையில் தாமும் ஓர் இடம் பெறலாம். தலைவியின் வினா அவர் செவிக்கு எட்டாது. அவ்வினாவைக் கேட்கும் தோழியின் இடத்தில் நின்று கற்பதே இப்பாடலை முழுமையாகக் கற்பதாகும்.