நல்லதங்காளும் திடீர்ச் சினமும்

நல்லதங்காள் கதையைப் பெண்டிர் அழுதற்கென்றே எழுந்த கதையென ஒதுக்கிவிடும் வழக்கம் நம்மிடையே உண்டு. பெரிய எழுத்துப் பதிப்பாகச் சந்தைகளில் விற்ற அந்நூலைக் கற்றோர் பலர் பொருட்படுத்தினாரல்லர். ஆயின், 1989இல் சென்னை உயர்நீதிமன்றம் பொருட்படுத்திற்று. குழந்தைகளோடு கிணற்றில் வீழ்ந்து, அவர்களை இழந்து, தான் பிழைத்துவிட்ட ஒரு தாய்மீது கொலை வழக்கு வந்தது. அவளது மனநிலைக்கு நீதிமன்றம் இட்ட பெயர் ‘நல்லதங்காள் சிண்ட்ரோம்’.

இதன் அருமையை உணரச் சட்டத்தைச் சிறிது நோக்கவேண்டும். இந்தியத் தண்டனைச் சட்டம் 300ஆம் பிரிவின் முதல் விதிவிலக்கு, கடுமையாகவும் திடீரெனவும் சினமூட்டப்பட்டுத் தன்னடக்கம் இழந்தவன் சினமூட்டியவரைக் கொன்றால், அதனைக் கொலையினும் குறைந்த குற்றமாகக் கொண்டது. 2024 ஜூலை 1 முதல் இது பாரதிய நியாய சன்ஹிதாவின் 101ஆம் பிரிவில் இடம்பெற்றுள்ளது. ‘திடீர்’ என்னும் சொல்லே இதன் உயிர்நிலை.

அச்சொல்லுக்குப் புகழ்பெற்ற உரை, பம்பாயில் எழுந்த நானாவதி வழக்கில் உச்சநீதிமன்றம் 1961இல் அளித்த தீர்ப்பாகும். மனைவி தன் கள்ள உறவை ஒப்புக்கொண்டாள். கணவராகிய கடற்படை அதிகாரி அவளையும் பிள்ளைகளையும் திரைப்படக் கொட்டகையில் விட்டார். கப்பலுக்குச் சென்று பொய்க் காரணம் கூறிக் கைத்துப்பாக்கி பெற்றார். பின்னரே சென்று சுட்டார். இடைப்பட்ட நேரம் ஏறத்தாழ மூன்று மணி. சினம் ஆறப் போதிய பொழுது அஃது என்றார் நீதிபதி சுப்பாராவ். கோப்பில் நாளும் பொழுதும் குறித்தே பிழைக்கும் எனக்கு இக்கணக்கு நேர்த்தியாகவே படுகிறது.

ஆயினும், எல்லாச் சினமும் நேரம் செல்லச்செல்ல ஆறுமோ? 1881இலேயே சென்னை உயர்நீதிமன்றம் வேறுவிதமாகக் கண்டது. மனைவியின் ஒழுக்கக்கேட்டை நேரிற் கண்டவன் அன்றிரவு உண்ணவில்லை. மறுநாட் காலை அவள் அவனோடு அமர்ந்து உண்பதைக் கண்டு வெட்டினான். ஓர் இரவு கழிந்தும் விதிவிலக்கு அவனுக்குக் கிட்டிற்று.

நல்லதங்காளின் சினமோ இன்னும் மெல்ல முற்றியது. 12 ஆண்டுப் பஞ்சம். மானாமதுரையிலிருந்து ஏழு மக்களோடு அண்ணன் வீட்டிற்கு நடை. அண்ணி மூளி அலங்காரி கதவடைத்தது. அடுப்பெரிக்கப் பச்சை வாழைமட்டை கொடுத்தது. கதைபாடியவன் அவமதிப்புகளை ஒவ்வொன்றாக அடுக்கிச் செல்கிறான். இவற்றுள் எதனைத் ‘திடீர்’ என்பது? தனித்தனியே நோக்கின் எல்லாம் அற்பம். ஓர் ஆடவன் ஆயுதம் எடுக்குமளவு கடுமை எதற்கும் இல்லை. இந்த அடுக்கைத்தான் 1989இன் தீர்ப்பு ‘தொடர்ச் சினமூட்டல்’ என ஏற்று, விதிவிலக்குகளின் எழுத்தைத் தாண்டிச் சென்றது. அவ்வகையில் நீதிமன்றம் நம் திறனாய்வாளரினும் நல்ல வாசகனாயிற்று என்பேன்.

எனினும் ஓர் ஐயம். சட்டம் கூறுவது சினமூட்டியவரின் சாவை. குழந்தைகள் என்ன சினமூட்டினர்? நல்லதங்காள் உள்ளத்தில் இருந்ததும் சினமன்று, மானம். தானின்றி அவர்கள் பிறர் வாயிலில் நிற்பதை அவளால் எண்ணவியலவில்லை. இதனைச் சினத்தின் பெயரால் மன்னிப்பது, பொருந்தாத அச்சிற் கருணையை வார்ப்பதாகும். வேறு அச்சுச் சட்டத்தில் இல்லாமையால் நீதிபதிகள் அதனைக் கைக்கொண்டனர்.

கதைபாடியவன் இவ்விடத்தில் அவர்களினும் கண்டிப்பானவன். பழி முழுதும் அண்ணிக்கே என்று பாடி முடித்திருக்கலாம். கேட்போரும் அதனையே விரும்பியிருப்பர். அவனோ மூத்த மகனை ஓடவிடுகிறான். தன்னை மட்டுமாவது விட்டுவிடும்படி அப்பிள்ளை மன்றாடுகிறான். தாய் அவனையும் பற்றிக் கிணற்றில் இடுகிறாள்.